ராபின் ஹூட்டைத் தடம் பிடிப்பது எப்படி: பெயர்கள், கல்லறைகள், எச்சங்கள் – ஒரு முழுமையான வழிகாட்டி

இங்கிலாந்தின் நடுப்பகுதியிலும் வடக்கிலும் பயணம் செய்பவர்களுக்கு, பழைய ஆங்கிலக் கதைப்பாடல்களின் கொள்ளைக்கார நாயகனான ராபின் ஹூட் பெயரில் ஒரு கிணறோ, பாறையோ, மண்மேடோ அடிக்கடி கண்ணில் படும். யார்க்‌ஷயரில் அவருக்கு ஒரு கல்லறை, டார்பிஷயரில் கூட்டாளி லிட்டில் ஜானுக்கு ஒரு கல்லறை, நாட்டிங்ஹாம்ஷயரில் அவர் ஒளிந்திருந்ததாகச் சொல்லும் ஒரு ஓக் மரம் எல்லாம் இருக்கின்றன. இவற்றில் எது பழையது, எது பிற்காலத்தில் ஒட்டவைத்தது என்று பிரித்துப் பார்க்க முடியும். அதற்கு ஒவ்வொரு பெயரிடமும் பொருளிடமும் கேட்க வேண்டிய கேள்வி ஒன்றுதான்: இது முதன்முதலில் எப்போது, யார் கையால், எதற்காக எழுத்தில் ஏறியது? கதை எந்தக் காலத்தில் நடந்ததாகச் சொல்கிறார்கள் என்பதைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

காலவரிசையைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள்

தேடலைத் தொடங்கும் முன் ஒரு தாளில் சில ஆண்டுகளைக் குறித்துவையுங்கள். கிடைக்கிற ஒவ்வொரு சான்றையும் இந்த அளவுகோலில் வைத்துத்தான் மதிப்பிடப் போகிறோம்.

ராபின் ஹூட் பாடல்கள் மக்களிடம் புழங்கின என்பதற்கான முதல் இலக்கியச் சான்று சுமார் 1377-ஐச் சேர்ந்தது. வில்லியம் லாங்லண்டின் ‘பியர்ஸ் பிளவ்மன்’ கவிதையில் சோம்பேறிப் பாதிரி ஒருவர் வருகிறார். அவருக்கு ஜெபம் ஒழுங்காகத் தெரியாது. ராபின் ஹூட் பாட்டுகள் தெரியும். 1429-இல், யார்க்‌ஷயரின் பார்ன்ஸ்டேல் பகுதியைச் சொல்லும் ‘ராபின் ஹூட் பார்ன்ஸ்டேலில் நின்றான்’ என்ற வரி நீதிமன்ற வாதத்திலேயே எடுத்தாளப்படுகிறது. அதாவது வழக்கறிஞர்களுக்கும் அது பழகிய பாட்டு. சுமார் 1450-இல் எழுதப்பட்ட ஒரு கையெழுத்துப் படியில் துறவி ஒருவர் ராபினைக் காட்டிக்கொடுக்கும் நீண்ட கதைப்பாடல் கிடைக்கிறது. அது நாட்டிங்ஹாமில் நடக்கிறது. 1500-ஐ ஒட்டி ‘கெஸ்ட்’ என்ற 456 பத்திகள் கொண்ட பெரிய கதைப்பாடல் அச்சேறுகிறது.

வரலாற்றாசிரியர்களையும் இதே தாளில் சேருங்கள். சுமார் 1420-இல் எழுதிய ஆண்ட்ரூ ஆஃப் விண்டவுன் ராபினை 1283-இல் வைக்கிறார். 1440-களில் எழுதிய வால்டர் போவர் 1266-இல் வைக்கிறார். 1521-இல் எழுதிய ஜான் மேஜரோ முதலாம் ரிச்சர்டின் காலமான 1193–94-க்குக் கொண்டுபோகிறார். மூவரும் ஸ்காட்லாந்துக்காரர்கள். எழுதியவர் பிந்தியவராக ஆக ஆக நாயகன் முந்திய காலத்துக்குப் போவதைக் கவனியுங்கள். இன்று எல்லோரும் அறிந்த ‘சிலுவைப் போரிலிருந்து திரும்பும் ரிச்சர்ட் மன்னன்’ என்ற பின்னணி 16-ஆம் நூற்றாண்டில்தான் வேர் பிடித்தது. கெஸ்டில் வரும் மன்னனின் பெயர் எட்வர்ட். எத்தனையாவது எட்வர்ட் என்று பாடல் சொல்வதில்லை.

பெயரை எப்படித் தேடுவது

ராபர்ட் என்பது 13-ஆம் நூற்றாண்டு இங்கிலாந்தில் தெருவுக்கு நாலு பேர் வைத்திருந்த பெயர். ராபின் அதன் செல்லப்பெயர். ஹூட் என்பது தலைமுக்காடு செய்தவருக்கோ அணிந்தவருக்கோ வந்த குடும்பப் பெயர், அதுவும் பரவலானது. ஆகவே ஏதோ ஒரு ராபர்ட் ஹூட் கிடைத்துவிட்டார் என்பதில் பெரிய செய்தி இல்லை. சைரன்செஸ்டர் மடத் தலைவரிடம் பணியிலிருந்த ராபர்ட் ஹூட் ஒருவர் 1213-க்கும் 1216-க்கும் இடையில் மடத் தோட்டத்தில் ஒரு கொலை செய்ததாகப் பதிவு இருக்கிறது. அவரைக் கதையோடு இணைக்கப் பெயரைத் தவிர வேறு நூல் இல்லை.

தேடும்போது எழுத்துக்கூட்டல்தான் முதல் இடறல். குடும்பப் பெயரை ஹெச்-ஓ-டி, ஹெச்-ஓ-டி-இ, ஹெச்-ஓ-டி-டி, ஹெச்-யு-டி-இ என்று நான்கு விதமாகவாவது தேடுங்கள். முதற்பெயர் லத்தீனில் ‘ராபர்ட்டஸ்’ என்று வரும். பெரும்பாலும் சுருக்கக் குறியோடு பாதியில் நிற்கும். ‘ஹோப்’ என்பதும் ராபர்ட்டின் செல்லப்பெயர்தான் என்பதை மறந்தால் ஒரு முக்கியமான பதிவே கையை விட்டுப் போய்விடும். பிரிட்டிஷ் தேசிய ஆவணக் காப்பகத்தின் இணையப் பட்டியலில் எழுத்துக்குப் பதிலாக நட்சத்திரக் குறியிட்டுத் தேடலாம். பட்டியலில் ஏறாத பெயர்கள் தோல் சுருள்களாக உள்ள மூல ஆவணங்களுக்குள் ஏராளம் என்பதால், ‘தேடினேன், இல்லை’ என்று உடனே முடிவுகட்ட வேண்டாம்.

பெயர் இரண்டு சொல்லாக இருக்கிறதா, ஒட்டிய ஒரே சொல்லாக இருக்கிறதா என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள். ‘ராபர்ட் ஹூட்’ என்பது ஓர் ஆள். ‘ராபின்ஹூட்’ என்று சேர்த்து எழுதிய குடும்பப் பெயர் வேறு கதை சொல்கிறது. 1296-இல் சசெக்ஸ் வரிப்பட்டியலில் ஃபிளெட்சிங் ஊரில் கில்பர்ட் ராபின்ஹோட் வருகிறார். கதை தெரிந்த ஊரார் அவருக்கோ அவர் முன்னோருக்கோ பட்டப்பெயராக இட்டிருக்கலாம். ஆனால் 1325-இல் லண்டனில் காணப்படும் கேத்தரின் ராபின்ஹோட் என்பவரின் தந்தை பெயரே ராபர்ட் ஹூட். அங்கே கதைக்குத் தேவையே இல்லை. ஒட்டிய பெயர் கிடைத்தால் தந்தையின் பெயரைத் தேடிப் பார்த்துவிட்டுத்தான் அடுத்த அடி வைக்க வேண்டும்.

இந்த வகையில் மிக அருமையான சான்று பெர்க்‌ஷயரில் இருக்கிறது. 1261-இல் அங்கே நடந்த நீதிமன்ற விசாரணைப் பதிவில், ஒரு கொள்ளைக் கூட்டத்தோடு சேர்த்துப் பேசப்படும் ஒருவனின் பெயர் ‘கொல்லர் ராபர்ட்டின் மகன் வில்லியம்’. சட்டத்தின் காப்பிலிருந்து விலக்கப்பட்டவன். அடுத்த ஆண்டு, 1262-இல், சான்டில்ஃபோர்ட் மடத் தலைவருக்கு விதித்த தண்டத்தை மன்னர் தள்ளுபடி செய்கிறார். ஓடிப்போனவனின் உடைமைகளை அனுமதியின்றி எடுத்துக்கொண்டதற்கான தண்டம் அது. அந்தப் பதிவில் அதே ஆளின் பெயர் ‘வில்லியம் ராபெஹோட், தலைமறைவானவன்’ என்று மாறியிருக்கிறது. வரலாற்றாய்வாளர் டேவிட் குரூக் 1984-இல் இதை வெளியிட்டார். இரண்டு பதிவுகளுக்கும் இடையில் யாரோ ஓர் எழுத்தர் பெயரை மாற்றியிருக்கிறார். ராபர்ட்டின் மகன், அதுவும் கொள்ளைக்காரன் என்றதும் அவர் மனத்தில் ‘ராபின் ஹூட்’ வந்திருக்க வேண்டும். அப்படியானால் 1262-லேயே கதை தெற்கு இங்கிலாந்து வரை பரவியிருந்தது. இதனால் தேடலுக்கு ஒரு வரம்பு கிடைக்கிறது: மூல மனிதர் என்று ஒருவர் இருந்திருந்தால் அவர் 1262-க்கு முன் புகழ்பெற்றிருக்க வேண்டும். அதற்குப் பிந்திய ராபின் ஹூட்டுகள் கதையிலிருந்து பெயர் பெற்றவர்களாகவோ, தற்செயலாக அதே பெயர் கொண்டவர்களாகவோ இருக்கவே வாய்ப்பு அதிகம்.

சுருள்களை வாசிப்பது

வரம்புக்கு முன்னால் வருகிற பதிவு ஒன்று உண்டு. அதை வைத்தே வாசிக்கும் முறையைப் பார்க்கலாம். அரசின் கணக்குத் துறையான எக்ஸ்செக்கர் ஆண்டுதோறும் மன்னரின் மாவட்ட அதிகாரிகளான ஷெரிஃப்களை அழைத்துக் கணக்குக் கேட்டது. அதை ஆட்டுத்தோலில் எழுதி வைத்த சுருள்கள் பைப் ரோல்கள். காப்பகத்தில் இவற்றின் தொடர் எண் ஈ 372. கணக்காண்டு செப்டம்பர் 29-ஆம் தேதி வரும் மிக்கேல்மஸ் திருநாளில் முடியும்.

1226 மிக்கேல்மஸ் கணக்கில், யார்க்‌ஷயர் பகுதியில், ‘ராபர்ட் ஹோட், தலைமறைவானவன்’ என்பவனின் உடைமைகளுக்காக 32 ஷில்லிங் 6 பென்னி கணக்கு காட்டப்படுகிறது. 1225-இல் யார்க்கில் கூடிய நீதிமன்றத்தின் தண்டனை இது. அடுத்த ஆண்டுச் சுருளில் அதே பாக்கி தொடர்கிறது. இம்முறை பெயர் ‘ஹோபெஹோட்’. முறையான பெயரை எழுதிய இடத்தில் பேச்சுவழக்குப் பெயர் வந்து உட்கார்ந்துவிட்டது. எல்.வி.டி. ஓவன் 1936-இல் கவனித்துச் சொல்லும்வரை இது யார் கண்ணிலும் பெரிதாகப் படவில்லை.

இந்த வரியிலிருந்து எடுக்கக்கூடியதை மட்டும் எடுங்கள். பெயர், மாவட்டம், ஓடிப்போனவன் என்ற நிலை, பறிமுதலான உடைமையின் மதிப்பு, அந்தப் பணம் யார்க் புனித பீட்டர் ஆலய நிர்வாக எல்லையோடு தொடர்புடையது என்ற குறிப்பு, அவ்வளவே. 12 பென்னி ஒரு ஷில்லிங், 20 ஷில்லிங் ஒரு பவுண்டு என்று கணக்கிட்டால் மொத்தம் 390 பென்னி. கூலியாள் நாளொன்றுக்கு ஒரு பென்னி, இரண்டு பென்னிக்கு உழைத்த காலத்தில் இது ஒன்றுமில்லாதவனின் சொத்து இல்லை. குற்றம் என்ன, காட்டில் வாழ்ந்தானா, வில் எய்தானா என்பதற்குச் சுருளில் விடை கிடையாது.

இதற்கு மேல் ஓர் ஊகம் உண்டு. ஊகம் என்ற பெயரிலேயே அதைப் பதிவு செய்யுங்கள். அதே காலத்தில் யார்க்‌ஷயர் ஷெரிஃபாக இருந்த யூஸ்டஸ் ஆஃப் லவ்டம், ‘ராபர்ட் ஆஃப் வெதர்பி’ என்ற சட்டவிரோதியைத் தேடிப் பிடிக்கச் செலவழித்திருக்கிறார். அவனைத் தொங்கவிடச் சங்கிலி வாங்கிய செலவும் கணக்கில் இருக்கிறது. இந்த யூஸ்டஸ் பின்னாளில் நாட்டிங்ஹாம்ஷயருக்கும் ஷெரிஃபானவர். யார்க்‌ஷயரில் வாழ்ந்த நாயகனை நாட்டிங்ஹாம் ஷெரிஃப் ஏன் துரத்துகிறார் என்ற பழைய புதிருக்கு இது நல்ல விளக்கம். நமக்கும் இந்த ஊகம் மிகவும் பிடித்தமானது. ஆனால் ராபர்ட் ஹோட்டும் வெதர்பி ராபர்ட்டும் ஒரே ஆள் என்று எந்த ஆவணமும் சொல்லவில்லை.

தேதிகளில் இரண்டு இடங்களில் பலர் சறுக்குகிறார்கள். ஆவணங்கள் மன்னரின் ஆட்சியாண்டில் தேதியிடப்படும். மூன்றாம் ஹென்றியின் 10-ஆம் ஆண்டு 1225 அக்டோபர் 28-இல் தொடங்கி 1226 அக்டோபர் 27 வரை போகும்; அதை வெறுமனே 1226 என்று எழுதினால் இரண்டு மாதப் பிழை புகும். அடுத்தது, அக்கால இங்கிலாந்தில் புத்தாண்டு மார்ச் 25-இல் பிறந்தது. பழைய முறையில் ‘1316 பிப்ரவரி’ என்றிருந்தால் நம் கணக்கில் அது 1317. பழைய பதிப்புகளில் இந்த மாற்றம் செய்யப்பட்டிருக்கிறதா என்று முன்னுரையில் பார்த்துக்கொள்ளுங்கள்.

மூலச் சுருள்களைக் காண லண்டனுக்குப் போக வேண்டிய கட்டாயம் இல்லை. ஹூஸ்டன் பல்கலைக்கழகம் நடத்தும் ஆங்கிலோ-அமெரிக்கன் சட்ட மரபு இணையதளத்தில் பைப் ரோல், எக்ஸ்செக்கர் நினைவுச் சுருள், நீதிமன்றச் சுருள் ஆகியவற்றின் படங்கள் இலவசமாகக் கிடைக்கின்றன. பெயர் தட்டித் தேட முடியாது; தோல் தோலாகப் புரட்ட வேண்டும். பைப் ரோல் சங்கம் அச்சிட்ட பதிப்பில் முதலில் இடத்தைக் கண்டுபிடித்துவிட்டுப் படத்துக்குப் போனால் நேரம் மிச்சம். மாவட்டப் பெயர் தோலின் தலைப்பில் பெரிய எழுத்தில் இருக்கும். எண்கள் ரோம எண்ணில் வரும். கடைசி ‘ஐ’ எழுத்தை ‘ஜே’ போல நீட்டியிருப்பார்கள்.

வேக்ஃபீல்ட் ராபர்ட் ஹூட்: அழகாகப் பொருந்தி உடைந்த வாதம்

இந்தத் துறையில் இறங்கும் எவரும் ஜோசஃப் ஹன்டரின் வாதத்தை ஒருமுறை முழுதாகக் கற்றுக்கொள்வது நல்லது. ஹன்டர் அரசு ஆவண அலுவலகத்தில் பணியாற்றிய கைதேர்ந்த அறிஞர். 1852-இல் அவர் சொன்னது இது. யார்க்‌ஷயரின் வேக்ஃபீல்டில், நிலப்பிரபுவின் பண்ணைக்குரிய நீதிமன்றச் சுருளில் 1316-இல் ராபர்ட் ஹூட்டும் மனைவி மட்டில்டாவும் 30 அடி நீளம், 16 அடி அகலம் கொண்ட மனையை எடுக்க 2 ஷில்லிங் கட்டுகிறார்கள். வேக்ஃபீல்ட் பார்ன்ஸ்டேலுக்குப் பக்கம். 1322-இல் லங்காஸ்டர் பிரபு தாமஸின் கலகம் தோற்கிறது. அதில் சேர்ந்து இவர் காட்டுக்கு ஓடியிருக்கலாம். 1323 நவம்பரில் இரண்டாம் எட்வர்ட் நாட்டிங்ஹாம் வருகிறார். கெஸ்டிலும் எட்வர்ட் மன்னன் நாட்டிங்ஹாம் வந்து ராபினை மன்னித்துத் தன்னோடு அழைத்துப்போகிறான். 1324 மார்ச் முதல் அரண்மனைச் சம்பளக் கணக்கில் ‘ராபின் ஹோட்’ என்ற பணியாள் தோன்றுகிறார். நவம்பர் 22-இல் 5 ஷில்லிங் கொடுத்து அவரை அனுப்பிவிடுகிறார்கள். கெஸ்டிலும் ராபின் ஓராண்டு சொச்சத்தில் அரண்மனையை விட்டுப் போகிறார்.

ஒவ்வொரு பல்லும் பொருந்துகிறது. பிறகு சேதமடைந்த ஓர் அரண்மனைக் கணக்கேட்டைப் புறஊதா ஒளியில் வாசித்தபோது, 1323 ஜூன் 27-லேயே ராபின் ஹோட் சம்பளம் வாங்கியிருப்பது தெரிந்தது. மன்னர் நாட்டிங்ஹாம் வருவதற்கு ஐந்து மாதம் முன்பே அவர் அரண்மனை ஆள். கடைசியாக அவரை அனுப்பியதற்கும் காரணம் எழுதியிருக்கிறது: இனி வேலை செய்ய முடியாதவர் என்பதால். காட்டு வாழ்க்கைக்கு ஏங்கி ஓடிய வில்வீரனின் சித்திரத்துக்கு அது ஒத்துவரவில்லை. வேக்ஃபீல்ட் ராபர்ட் கலகத்தில் சேர்ந்தார் என்பதற்கும், வேக்ஃபீல்ட் ராபர்ட்டும் அரண்மனை ராபினும் ஒருவரே என்பதற்கும் ஆவணம் கிடையாது. அந்த இரண்டு கண்ணிகளும் தொடக்கத்திலிருந்தே வெறும் ‘இருக்கலாம்’தான். 1262-ஆம் ஆண்டுப் பதிவும் இந்த வாதத்தைக் குறுக்கே வெட்டுகிறது.

வேக்ஃபீல்ட் சுருள்கள் 1274 முதல் 1925 வரை நீளும் அற்புதமான தொடர். இப்போது லீட்ஸ் பல்கலைக்கழக நூலகத்தில் இருக்கின்றன. யார்க்‌ஷயர் தொல்லியல் சங்கம் பல தொகுதிகளை மொழிபெயர்ப்போடு வெளியிட்டிருக்கிறது. ராபின் ஹூட்டுக்காக இல்லாவிட்டாலும், 14-ஆம் நூற்றாண்டுக் குடியானவரின் அன்றாடத்தை அறிய அவற்றைப் புரட்டலாம்.

இடப்பெயர்கள்

முறை எளிது. ஆங்கில இடப்பெயர்ச் சங்கத்தின் மாவட்டத் தொகுதியை எடுங்கள். ஒவ்வொரு பெயரும் எந்த ஆண்டில் எப்படி எழுதப்பட்டது என்று அதில் வரிசையாக இருக்கும். முதல் ஆண்டைக் குறியுங்கள். பிறகு ஸ்காட்லாந்து தேசிய நூலகம் இலவசமாகத் தரும் பழைய ஆறு அங்குல (மைலுக்கு ஆறு அங்குலம் என்ற அளவில் வரைந்த) நிலவரைபடத்தை இன்றைய வரைபடத்தின் மேல் பொருத்தி, இடம் நகர்ந்திருக்கிறதா என்று பாருங்கள்.

இப்படிச் சலித்தால் மிஞ்சுகிற பழைய பெயர்கள் சொற்பம். 1422-ஆம் ஆண்டு மங்க் பிரெட்டன் மடத்துப் பத்திரம் ஒன்றில் பார்ன்ஸ்டேல் பகுதி நிலத்தின் எல்லை ‘ராபர்ட் ஹோடின் கல்’ என்று குறிக்கப்படுகிறது. நில எல்லை எழுதுகிறவருக்குக் கதை சொல்லும் நோக்கம் இல்லை. எல்லோரும் அறிந்த ஒரு கல்லைச் சொல்கிறார். இந்த வகைச் சான்றுக்குத்தான் மதிப்பு அதிகம். நாட்டிங்ஹாம் நகரக் கணக்கில் ‘ராபின்ஹோட் கிளோஸ்’ என்ற வயல் 1485-இலும், ‘ராபின்ஹோட் கிணறு’ 1500-இலும் வருகின்றன. ராபின் ஹூட்ஸ் பே என்ற கடலோர ஊரை 16-ஆம் நூற்றாண்டில் ஜான் லீலண்ட் மீனவச் சிற்றூராகக் குறிக்கிறார். கதைக்கும் அந்த ஊருக்கும் தொடர்புண்டு என்று அவர் சொல்லவில்லை.

‘ராபின் ஹூட்ஸ் பட்ஸ்’, அதாவது அவரது அம்புப் பயிற்சி மேடுகள் என்ற பெயர் யார்க்‌ஷயர், ஷ்ராப்ஷயர், சாமர்செட் எனப் பல மாவட்டங்களில் உண்டு. அவற்றில் பல வெண்கலக் கால ஈமமேடுகள். நாயகனுக்கு இரண்டாயிரம் ஆண்டுகளுக்கும் மேல் மூத்தவை. நம் ஊரில் பெருங்கற்காலக் கல்லறைகளைப் பாண்டவர் குழி என்று சொல்வதைப் போன்றதுதான் இதுவும். இங்கிலாந்து பாரம்பரியச் சின்னப் பட்டியலில் மேட்டின் பெயரைத் தட்டினால் அதன் காலம் தெரிந்துவிடும்.

கெஸ்டில் உள்ள ஊர்களை வரைபடத்தில் குறித்துப் பாருங்கள். மிகவும் பயனுள்ள வேலை. பார்ன்ஸ்டேல், டொன்காஸ்டர், ‘சேல்ஸ்’ மேடு, கிர்க்லீஸ் எல்லாம் யார்க்‌ஷயரில் நெருங்கிக் கிடக்கின்றன. சேல்ஸ் என்பது வென்ட்பிரிட்ஜ் அருகே உள்ள ஒரு சிறு நிலப்பகுதி என்று கண்டறிந்ததும் ஹன்டர்தான்; அந்தக் கண்டுபிடிப்பு இன்றும் நிற்கிறது. அங்கிருந்து பார்த்தால் வடக்கே போகும் பெருஞ்சாலை பள்ளத்தாக்கில் இறங்கி ஏறுவது தெரியும். வழிப்போக்கரை மறிக்க அதைவிடத் தோதான இடம் சுற்றுவட்டாரத்தில் இல்லை. பெரிய ஊரைப் புகழ்ந்து பாடுவது எவருக்கும் கைவரும். இவ்வளவு சின்ன மேட்டின் பெயரைச் சரியாகச் சொன்ன பாடகர் அந்தப் பக்கத்து மண்ணை அறிந்தவராகத்தான் இருக்க வேண்டும். நாட்டிங்ஹாமோ அங்கிருந்து ஏறத்தாழ 50 மைல். தனித்தனியே ஓடிய இரண்டு கதைத் தொகுதிகளைக் கெஸ்ட் முடிச்சுப் போட்டிருக்கிறது. பாடலில் வரும் ‘வாட்லிங் தெரு’வைப் பார்த்ததும் டோவரிலிருந்து லண்டன் வழியாகப் போகும் புகழ்பெற்ற ரோமானியச் சாலையைத் தேடிப் போய்விடாதீர்கள்; பார்ன்ஸ்டேல் வழியாகச் சென்ற வேறொரு ரோமானியச் சாலைக்கும் உள்ளூரில் அதே பெயர் வழங்கியது.

கல்லறைகள்

மேற்கு யார்க்‌ஷயரில் பிரிக்ஹவுஸ் அருகே உள்ள கிர்க்லீஸ் மடத்தில், உறவினரான மடத்தலைவி ரத்தம் வடியவிட்டு ராபினைக் கொன்றதாகக் கெஸ்ட் சொல்கிறது. மடம் உண்மையானது, 12-ஆம் நூற்றாண்டில் தொடங்கிய சிஸ்டெர்சியன் கன்னியர் மடம், 1539-இல் மூடப்பட்டது. கல்லறையை மட்டும் அடுக்கடுக்காகப் பிரித்துப் பார்க்க வேண்டும்.

1569-இல் வரலாற்றாசிரியர் ரிச்சர்ட் கிராஃப்டன், பாதையோரம் ஒரு கல்லின் கீழ் ராபின் புதைக்கப்பட்டார் என்றும், கல்லில் வில்லியம் ஆஃப் கோல்ட்ஸ்பரோ உள்ளிட்ட பிறர் பெயர்களும் இருந்தன என்றும் எழுதுகிறார். 1665-இல் நத்தானியல் ஜான்ஸ்டன் ஒரு கல்லை வரைகிறார்: நடுவில் சிலுவை, ஓரத்தில் பெயர்கள். பலர் பெயர் உள்ள கல் என்பது கவனத்துக்குரியது. வேறு யாருக்கோ வைத்த கல்லில் ராபின் பெயர் ஏறியதாகவும் இருக்கலாம். 18-ஆம் நூற்றாண்டில் நில உரிமையாளர் சர் சாமுவேல் ஆர்மிட்டேஜ் ஒரு கஜ ஆழம் தோண்டச் செய்தார். மண் அதற்கு முன் கிளறப்படாததாக இருந்தது. அந்த இடத்தில் உடல் புதைக்கப்படவில்லை, கல்தான் வேறெங்கிருந்தோ வந்தது என்றே கொள்ள வேண்டும். பல்வலிக்கு மருந்து என்று நம்பி மக்கள் கல்லைச் செதுக்கிச் செதுக்கி எடுத்துப் போனதில் பழைய கல்லில் எஞ்சியது கொஞ்சமே.

இன்று அங்கே காணும் கவிதைக் கல்வெட்டு வேறு. அதன் வாசகம் 1702-இல் இறந்த யார்க் தலைமைப் பாதிரி தாமஸ் கேலின் தாள்களிலிருந்து வந்தது. அது ராபின் இறந்த நாளை ‘டிசம்பர் காலெண்ட்ஸுக்கு முன் 24-ஆம் நாள், 1247’ என்கிறது. ரோமானிய நாட்காட்டியில் டிசம்பர் காலெண்ட்ஸுக்கு, அதாவது டிசம்பர் 1-க்கு, முன் அதிகபட்சம் 18 வரைதான் எண்ண முடியும். அதற்கு முந்திய நாட்கள் நவம்பர் ஐட்ஸை, அதாவது நவம்பர் 13-ஐ, வைத்து எண்ணப்படுபவை. 13-ஆம் நூற்றாண்டுப் பாதிரி எவரும் இந்தத் தவறைச் செய்திருக்க மாட்டார். ஆங்கிலமும் பழையது போலத் தோன்றப் புனைந்த ஆங்கிலம். 1247 என்ற ஆண்டை எந்த வாதத்துக்கும் பயன்படுத்தாதீர்கள்.

சாகும் தறுவாயில் ராபின் எய்த கடைசி அம்பு விழுந்த இடம்தான் கல்லறை என்ற கதையையும் அளந்து பார்த்துவிடலாம். மடத்தின் வாயிற்கட்டடத்திலிருந்து கல்லறை சுமார் 600 மீட்டர். திடகாத்திரமான வீரனின் நெடுவில்லே 300 மீட்டரைத் தாண்டுவது அரிது. கெஸ்டில் இந்த அம்பு இல்லவே இல்லை. பிற்காலப் பாடலில்தான் சேர்ந்தது.

லிட்டில் ஜானின் கல்லறை டார்பிஷயரின் ஹாதர்சேஜ் தேவாலய முற்றத்தில் இருக்கிறது. 17-ஆம் நூற்றாண்டின் நடுவில் பழம்பொருள் ஆய்வாளர் எலியாஸ் ஆஷ்மோல், தலைமாட்டில் ஒரு கல்லும் கால்மாட்டில் ஒரு கல்லும் இருப்பதையும், வில்லின் ஒரு பகுதி தேவாலயத்துக்குள் தொங்குவதையும் குறித்தார். இரு கல்லுக்கும் இடையே ஏறத்தாழ 13 அடி. 1784-இல் தோண்டியபோது 29½ அங்குலத் தொடையெலும்பு கிடைத்ததாகச் சொல்லப்படுகிறது. 32 அங்குலம் என்று சொல்பவர்களும் உண்டு. உயரத்தைக் கணிக்கும் வழக்கமான சூத்திரத்தைப் போட்டுப் பாருங்கள்: எலும்பின் நீளத்தைச் சென்டிமீட்டரில் 2.38-ஆல் பெருக்கி 61.41-ஐக் கூட்ட வேண்டும். 29½ அங்குலம் சுமார் 75 செ.மீ.; விடை 240 செ.மீ., அதாவது 7 அடி 10 அங்குலம். 32 என்றால் 255 செ.மீ. எலும்பு இன்று இல்லை. இருந்திருந்தால் அது மனித எலும்பா, கால்நடையின் எலும்பா என்று முதலில் கேட்டிருப்போம். அளவுகள் இரண்டாகப் பிரிவதே நம்பகத்தைக் குறைக்கிறது.

பொருட்கள்

ஒரு பொருளுக்கு வேண்டியது கைமாறிய சங்கிலி. ஹாதர்சேஜில் தொங்கிய வில் 18-ஆம் நூற்றாண்டில் பார்ன்ஸ்லி அருகே கேனன் ஹாலுக்குப் போனது வரை தெரியும். ஆஷ்மோலுக்கு முன்னால் சங்கிலி இல்லை. நாட்டிங்ஹாம் புனித ஆன் கிணற்றருகே 17-ஆம் நூற்றாண்டின் இறுதியில் வந்தவர்களை ‘ராபின் ஹூட் நாற்காலி’யில் உட்காரவைத்து அவரது தொப்பியைச் சூட்டினார்கள், அது வாடிக்கையாளரை ஈர்த்த உபசரிப்பு. பார்ன்ஸ்டேல் கிணற்றில் 1654-இல் ஜான் ஈவ்லின் தண்ணீர் குடித்தபோது ஒரு கல் நாற்காலியும், அதோடு சங்கிலியால் பிணைத்த இரும்புக் கரண்டியும் இருந்தன. இன்று ஏ1 நெடுஞ்சாலையோரம் நிற்கும் கிணற்று மண்டபம் 18-ஆம் நூற்றாண்டில் கார்லைல் பிரபுவுக்காக வான்பரோ வடிவமைத்தது; சாலையை விரிவாக்கியபோது மண்டபத்தையும் நகர்த்தினார்கள். மண்டபம் நிற்கும் இடத்தை ஊற்றின் இடமாகக் குறித்துவிடாதீர்கள்.

எட்வின்ஸ்டோவின் மேஜர் ஓக் மரத்துக்கு அந்தப் பெயர் 1790-இல் அதைப் பற்றி எழுதிய மேஜர் ஹேமன் ரூக்கால் வந்தது. வயது 800 முதல் 1,100 ஆண்டு வரை மதிப்பிடப்படுகிறது. குறைந்த மதிப்பை எடுத்தால் 1225-இல் அது கன்று. அதிக மதிப்பை எடுத்தாலும் இன்றைய பொந்து அன்று இருந்திருக்காது.

கூட்டாளிகளும் வம்சாவளியும்

கெஸ்டில் லிட்டில் ஜான், மச், ஸ்கேத்லாக் உண்டு. இன்று பிரபலமான துறவித் தோழன் ஃபிரையர் டக்கும் காதலி மேரியனும் இல்லை. 1417-இல் சசெக்ஸில் லிண்ட்ஃபீல்ட் ஊர்ப் பாதிரி ராபர்ட் ஸ்டாஃபர்ட் கொள்ளைக் கூட்டம் நடத்தியபோது ‘ஃபிரையர் டக்’ என்று பெயர் வைத்துக்கொண்டார். அரசாணைகளில் அது பதிவாகியிருக்கிறது. அந்தப் பெயரின் முதல் சுவடும் அதுவே. மேரியன் 1283-ஐ ஒட்டி அடாம் டி லா ஆல் எழுதிய பிரெஞ்சு இடையர் நாடகத்தின் வழி வந்தவள்; மே மாத விழா ஆட்டங்களில் ராபினோடு சேர்ந்தாள். இவர்களுக்குக் கல்லறை காட்டுகிறவர்களிடம் அதிக நேரம் செலவழிக்க வேண்டியதில்லை.

‘ஹன்டிங்டன் பிரபு’ பட்டம் 1598-இல் ஆண்டனி மண்டேயின் நாடகங்கள் கொடுத்தது. 1746-இல் வில்லியம் ஸ்டூக்லி ‘ராபர்ட் ஃபிட்ஸூத்’ என்று ஒரு வம்சாவளியையே கட்டினார். அக்காலத்தில் உண்மையான ஹன்டிங்டன் பிரபுக்கள் ஸ்காட்லாந்து அரச குடும்பத்தின் டேவிட், 1219-இல் இறந்தவர். பிறகு அவர் மகன் ஜான், 1237-இல் இறந்தவர். இடையில் ராபர்ட்டுக்கு நாற்காலி காலியாக இல்லை.

நேரில் போகும்போது

கிர்க்லீஸ் கல்லறை தனியார் நிலத்தில் இருக்கிறது. முன்அனுமதி இல்லாமல் வேலி தாண்டாதீர்கள். ஹாதர்சேஜ் முற்றம் திறந்தது. வென்ட்பிரிட்ஜில் பழைய பாலத்தருகே வண்டியை நிறுத்திவிட்டு, பொது நடைபாதை எது என்பதை வரைபடத்தில் உறுதி செய்துகொண்டு மேட்டுப் பக்கம் ஏறுங்கள். மரங்கள் இலையுதிர்த்த பிறகு போனால்தான் சாலையின் போக்கு தெளிவாகத் தெரியும்.

லண்டன் கியூவில் உள்ள தேசிய ஆவணக் காப்பகத்தில் வாசகர் அட்டை இலவசம். அடையாளச் சான்றும் முகவரிச் சான்றும் தேவை. சொந்தக் கேமராவில் கட்டணமின்றிப் படம் எடுக்கலாம். சுருளைப் படமெடுக்கும்போது தோலின் தலைப்பையும் எண்ணையும் முதல் படமாக எடுங்கள். வரியை மட்டும் எடுத்தால் ஒரு மாதம் கழித்து அது எந்த மாவட்டம், எந்த ஆண்டு என்று உங்களுக்கே தெரியாது.

ஒவ்வொரு சான்றுக்கும் ஒரு தனித் தாள் வையுங்கள். எழுதப்பட்ட ஆண்டு, எழுதியவர் அல்லது அலுவலகம், எழுதிய நோக்கம், மூல எழுத்துக்கூட்டல் அப்படியே, சுருளின் எண், நீங்கள் மூலத்தைப் பார்த்தீர்களா, பதிப்பைப் பார்த்தீர்களா, பிறர் சொன்னதை எடுத்தீர்களா. உங்கள் ஊகத்தைத் தாளின் பின்பக்கத்தில் எழுதுங்கள். முன்பக்கத்தில் அதற்கு இடம் கொடுத்தால், அடுத்த முறை எடுத்துப் பார்க்கும்போது ஹன்டரின் ‘இருக்கலாம்’ போல அதுவும் ஆவணத்தின் பகுதியாகவே கண்ணுக்குத் தோன்றத் தொடங்கிவிடும்.